15 டெனியரா, 40 டெனியரா? அதற்கு முன் பார்க்க வேண்டியவை

ஹோசியரி என்றதும் நம்மில் பலருக்குப் பனியனும் ஜட்டியும்தான் நினைவுக்கு வரும். அந்தச் சொல்லுக்கு இன்னும் பழைய பொருள் ஒன்று உண்டு: காலை மூடும் பின்னல் துணி. இந்தப் பதிவு அதைப் பற்றியது. ஸ்டாக்கிங்ஸ், ஹோல்டப், பேன்டிஹோஸ், டைட்ஸ் என்று பல பெயர்களில் விற்கும் பெண்களுக்கான நீளக் காலுறைகள்.

இவற்றை வாங்கும்போது இரண்டு நம்பிக்கைகள் நம்மைத் தவறாக வழிநடத்துகின்றன. நூலின் எடையைச் சொல்லும் டெனியர் எண் கூடினால் கிழியாது என்பது ஒன்று. விலை கூடினால் உழைக்கும் என்பது இன்னொன்று. உண்மையில் காலுறைகளில் பெரும்பாலானவை அளவு தவறியதால்தான் பாழாகின்றன. அடுத்த காரணம் போட்டுக்கொள்ளும் விதம். நூலின் தரமெல்லாம் அதற்குப் பிறகுதான். எனவே காலுறை வரும் பொதியுறையின் மேல் அச்சிட்டிருக்கும் எண்களில் எது எதைச் சொல்கிறது, எதைச் சொல்லவில்லை என்பதிலிருந்து தொடங்குவோம்.

முதலில் பெயர்கள். தொடை வரை வரும் தனித்தனி இரண்டு கால்கள் ஸ்டாக்கிங்ஸ். அவை தாமாக நிற்காது, இடுப்பில் கட்டும் சஸ்பெண்டர் பட்டையின் கொக்கிகள் பிடிக்க வேண்டும். தொடைப்பட்டையின் உட்புறம் சிலிக்கான் கோடு ஓட்டித் தாமாக நிற்கும்படி செய்தது ஹோல்டப். இடுப்பு வரை ஒரே துணியாக வருவதை அமெரிக்காவில் மெல்லியதாக இருந்தால் பேன்டிஹோஸ் என்பார்கள், தடித்திருந்தால் டைட்ஸ் என்பார்கள். பிரிட்டனில் இரண்டுமே டைட்ஸ்தான். இணையத்தில் வாங்குகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். டைட்ஸ் என்று போட்டிருப்பதாலேயே தடித்த துணி வரும் என்று எதிர்பார்க்கக் கூடாது.

டெனியர் எதைச் சொல்கிறது?

9000 மீட்டர் நூல் எத்தனை கிராம் எடை இருக்கிறதோ, அதுவே அந்த நூலின் டெனியர். 15 டெனியர் என்றால் 9000 மீட்டர் நீளத்துக்கு 15 கிராம். சில உறைகளில் டெசிடெக்ஸ் என்று இருக்கும். அது 10,000 மீட்டருக்கான எடை. 20 டெனியர் ஏறக்குறைய 22 டெசிடெக்ஸ்.

ஆக, டெனியர் என்பது நூலின் எடை. துணி எவ்வளவு நெருக்கமாகப் பின்னப்பட்டது, எவ்வளவு விரியும், எவ்வளவு இறுக்கும் என்பது எதுவும் அந்த எண்ணில் இல்லை. இன்னொன்றும் உண்டு. எடை நான்கு மடங்கானால் நூலின் குறுக்களவு இரண்டு மடங்குதான் ஆகும். 15 டெனியரிலிருந்து 60 டெனியருக்குப் போனால் நூல் நான்கு மடங்கு தடிக்கும் என்று நினைக்கிறோம். இரண்டு மடங்குதான் தடிக்கிறது. 80க்கும் 100க்கும் இடையில் கண்ணுக்குப் பெரிய வேறுபாடு தெரியாததற்கு இதுவே காரணம். 10க்கும் 20க்கும் இடையிலோ நன்றாகவே தெரியும்.

பொதுவாக 10 டெனியருக்குக் கீழே இருந்தால் காலில் ஏதோ பளபளப்பு இருக்கிறது என்பதற்கு மேல் தெரியாது. 10 முதல் 20 வரை தோல் தெளிவாகத் தெரியும். 30, 40 என்று போகும்போது தோல் மங்கலாகத் தெரியும். 60க்கு மேல் நின்றுகொண்டிருக்கும்போது முழுவதுமாக மூடியதுபோல் இருக்கும், முழங்காலை மடக்கினால் அங்கே மட்டும் கொஞ்சம் வெளிறும். 80க்கு மேல் மடக்கினாலும் பெரும்பாலும் தெரியாது. இது கறுப்புக்கான கணக்கு. வெளிர் நிறங்களில் இதே எண்கள் இன்னும் கூடுதலாகவே தோலைக் காட்டும்.

டெனியருக்குப் பக்கத்தில் இன்னொரு விவரம் இருக்கும், அதைப் பலர் படிப்பதில்லை: இழுத்தால் விரிந்து மீண்டும் சுருங்கும் இழையான எலாஸ்டேனின் விழுக்காடு. ஸ்பான்டெக்ஸ், லைக்ரா எல்லாம் இதே பொருள்தான். லைக்ரா ஒரு வணிகப் பெயர். மெல்லிய காலுறைகளில் நைலான், அதாவது பாலியமைடு, 80 முதல் 90 விழுக்காடும், எலாஸ்டேன் 10 முதல் 20 விழுக்காடும் இருப்பது வழக்கம். எலாஸ்டேன் மிகக் குறைந்தால் உட்கார்ந்து எழுந்ததும் முழங்காலில் தொளதொளப்பு நிற்கும், கணுக்காலில் சுருக்கம் விழும். எலாஸ்டேன் எத்தனை வரிசையில் ஓடுகிறது என்பதும் முக்கியம். ஒரு வரிசை விட்டு ஒரு வரிசையில் ஓடினால், உற்றுப் பார்க்கும்போது நுணுக்கமான குறுக்குக் கோடுகள் தெரியும். எல்லா வரிசையிலும் ஓடினால் நிறம் சீராக இருக்கும், காலோடு ஒட்டி நிற்கும். இந்த வகையை 3டி பின்னல் என்று சில நிறுவனங்கள் குறிப்பிடுகின்றன. 15 டெனியரில் ஒரு ஜோடிதான் வாங்கப்போகிறீர்கள் என்றால் இதையே வாங்குங்கள் என்பேன்.

பளபளப்பும் நூலில்தான் இருக்கிறது. நைலான் இழையின் குறுக்குவெட்டு வட்டமாக இல்லாமல் மூன்று மடல் கொண்டதாக இருந்தால் ஒளி தெறித்து மினுங்கும். டைட்டானியம் டை ஆக்சைடு கலந்தால் மினுக்கம் மங்கி மேட் ஆகும். மினுங்கும் காலுறை கெண்டைக்காலின் வளைவை எடுத்துக்காட்டும், கேமரா ஃபிளாஷில் வெள்ளைக் கோடாகவும் அடிக்கும். படம் எடுக்கும் நிகழ்ச்சிக்குப் போகிறவர்கள் மேட் எடுப்பது நல்லது.

ஏன் கிழிசல் ஓடுகிறது?

புடவையிலோ சட்டையிலோ சிறு ஓட்டை விழுந்தால் அது அந்த இடத்திலேயே இருக்கும். காலுறையில் மட்டும் அது ஏணிபோல் மேலும் கீழும் ஓடும். இது நெசவுத் துணி அல்ல, பின்னல் துணி என்பதே காரணம். ஒவ்வொரு கண்ணியும், அதாவது நூல் வளையமும், அதற்கு மேலுள்ள கண்ணியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. ஓரிடத்தில் நூல் அறுந்தால், அந்தக் கண்ணி பிடித்திருந்தது விட்டுப்போகும், அது பிடித்திருந்தது அடுத்து விட்டுப்போகும். துணி எவ்வளவு இழுபட்டு நிற்கிறதோ அவ்வளவு வேகமாக ஓடும். அளவு சின்னதாக இருந்தால் துணி எப்போதுமே இழுபட்ட நிலையில் இருக்கிறது என்பதால், ஒரே ஒரு நகக்கீறல் போதும்.

ஓட்டத்தைத் தடுக்க மைக்ரோமெஷ் என்ற பின்னல் உண்டு. அதில் சில கண்ணிகளைப் பக்கத்துக் கண்ணியோடு சேர்த்துப் பூட்டியிருப்பார்கள். ஓட்டை விழும், ஆனால் ஓடாது. சாதாரணப் பின்னலைவிடச் சற்றுச் சொரசொரப்பாகத் தெரியும், அவ்வளவுதான். நாள் முழுவதும் நின்று வேலை செய்கிறவர்களுக்கு இது ஏற்றது. மற்றபடி, "கிழியவே கிழியாது" என்று எழுதிய உறைகளை நம்பி வாங்காதீர்கள்.

ஃப்ரீசரில் ஓர் இரவு வைத்தால் நூல் வலுப்படும் என்று ஒரு குறிப்பு நெடுநாளாகச் சுற்றுகிறது. வெளியே எடுத்ததும் நூல் அறை வெப்பநிலைக்கு வந்துவிடுகிறது. குளிர் அதன் பின்னலை மாற்றிவிடுவதில்லை. அந்தச் சிரத்தையை நகத்தை அரம் வைத்துத் தேய்ப்பதில் செலவிட்டால் பலன் உண்டு.

கையை உள்ளே விட்டுப் பார்ப்பது

கடையில் மாதிரி ஜோடி இருந்தால் மோதிரத்தைக் கழற்றிவிட்டு, விரல்களைச் சேர்த்து மூடிய கையாக உள்ளே விடுங்கள். தொடைப்பகுதியில் வேண்டாம், கெண்டைக்கால் வரும் இடத்துக்குப் போக வேண்டும். காலில் துணி விரியும் அளவுக்கு அங்கேதான் கையிலும் விரியும். இப்போது கையை மெல்ல விரித்து, குழல் விளக்கின் கீழ் அல்லாமல் வாசல் வெளிச்சத்தில் பாருங்கள். மூன்று விஷயங்கள் தெரிய வரும்.

முதலாவது, சீர். துணி எங்கும் ஒரே அடர்த்தியாக இருக்கிறதா, அல்லது வளையம் வளையமாகக் கோடு தெரிகிறதா? கோடு தெரிந்தால் காலிலும் தெரியும். இரண்டாவது, மீட்சி. கையைச் சட்டென்று மூடுங்கள். துணி உடனே பின்வாங்கிக் கையோடு ஒட்ட வேண்டும். ஒரு நொடி தொங்கிவிட்டுப் பிறகு சுருங்கினால், மதியத்துக்குள் முழங்காலில் பை விழும். மூன்றாவது, நிறம். இதற்குப் புறங்கை சரிப்படாது. வெயில் பட்டுப் பட்டுப் புறங்கை பெரும்பாலும் காலைவிடக் கறுத்திருக்கும். முன்கையின் உட்புறத்தின் மேல் வைத்துப் பார்ப்பதே காலுக்கு அருகில் வரும்.

நிறத்தைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். பல்லாண்டுகளாக உறைகளில் "நியூட்" என்றோ "தோல் நிறம்" என்றோ அச்சிட்டு வந்தது ஒரே ஒரு வெளிர் தோலின் நிறம். மாநிறக் காலிலும் கறுத்த காலிலும் அதைப் போட்டால் சாம்பல் பூசியதுபோல் ஆகிவிடும். தோலில் குறை எதுவும் இல்லை. கருமையான தோலின் மேல் வெளிர் நூல் வலைபோலப் படரும்போது, தோலின் நிறத்தோடு நூலின் வெண்மை கலந்து சாம்பலாகக் கண்ணுக்குத் தெரிகிறது. அந்த ஒரே நிறத்துக்குத் தோல் நிறம் என்று பெயர் வைத்து உலகம் முழுவதும் விற்றது நியாயமே இல்லாத செயல். இப்போது பல நிறுவனங்கள் அடர் பழுப்பு வரை வரிசையாக நிறங்கள் தருகின்றன. தேர்ந்தெடுக்கும்போது உங்கள் காலைவிட அரைப்படி அடர்ந்த நிறத்தை எடுங்கள். வெளிர் பக்கம் தவறினால் சாம்பல் தெரியும், அடர் பக்கம் தவறினால் கொஞ்சம் வெயிலில் நின்றதுபோல் இருக்கும், அது உறுத்தாது. நிறத்தின் சாயலையும் பாருங்கள். மஞ்சள் கலந்த மாநிறத்துக்குத் தேன் பழுப்பு பொருந்தும், ரோஜா சாயல் கொண்ட பழுப்பு ஒட்டாமல் தனித்துத் தெரியும்.

தோலுக்குப் பொருந்தும் நிறம் கிடைக்கவில்லையா? அப்படியானால் தோலைப் போல நடிக்காத நிறத்துக்குப் போய்விடலாம். கறுப்பு, கருநீலம், அடர் சாம்பல், ஆழ்ந்த சிவப்பு. காலுறையும் செருப்பும் ஒரே நிறமாக இருந்தால் கால் நீளமாகத் தெரியும். அடர்ந்த காலுறைக்கு வெள்ளைச் செருப்பு போட்டால் கணுக்காலில் கண் வெட்டி நின்றுவிடும்.

அளவு: இரண்டு அளவுகளுக்கு நடுவில் இருப்பவர்கள்

உறையின் பின்புறம் ஒரு கட்டம் இருக்கும். ஒரு பக்கம் உயரம், இன்னொரு பக்கம் எடை. சில நிறுவனங்கள் எடைக்குப் பதில் இடுப்புச் சுற்றளவைத் தருகின்றன, அதுவே மேல். ஏனென்றால் ஒரே எடையுள்ள இருவரில் ஒருவருக்குத் தொடை பருத்தும் ஒருவருக்கு வயிறு பருத்தும் இருக்கலாம். நீங்கள் கட்டத்தின் எல்லைக் கோட்டில் இருந்தால் எப்போதும் பெரிய அளவை எடுங்கள். உயரம் ஓர் அளவையும் எடை வேறோர் அளவையும் காட்டினால், இரண்டில் பெரியதே சரி.

சின்ன அளவு எடுத்தால் என்னென்ன ஆகும் என்பதை வரிசையாகப் பார்க்கலாம். நீளம் போதாமல் தொடைச் சந்திப்பு உடலோடு ஒட்டாது, நான்கு விரல் கீழே தொங்கும். நடக்க நடக்க அது இன்னும் இறங்கும். நாம் இடுப்புப்பட்டையைப் பிடித்து மேலே இழுப்போம். அந்த இழுப்பு முழுவதும் கால்விரல் நுனியில் போய் விசையாக விழும். சாயங்காலம் கட்டைவிரல் துளைத்துக்கொண்டு வெளியே வரும். வாங்கியவர் நூல் மட்டம் என்று நினைப்பார். அளவுதான் தவறு.

பெரிய அளவு அதிகமாகிப்போனால் கணுக்காலில் மடிப்பு விழும். அது தெரிந்ததும் ஓர் அளவு குறைத்துக்கொள்ளலாம். வயிற்றை அழுத்தும் கன்ட்ரோல் டாப் வகையில் சின்ன அளவு எடுத்தால் கூடுதலாக ஒல்லியாகத் தெரியும் என்று நினைக்க வேண்டாம். பட்டை சுருண்டு இறங்கி, அந்த இடத்தில் சதை பிதுங்கும்.

இடுப்பு வரை வரும் வகையில் தொடைச் சந்திப்பில் கஸெட் என்ற தனித் துண்டு இருக்கிறதா என்று பாருங்கள். சாய்சதுரமோ நீள்வட்டமோ ஆன அந்தத் துண்டு பருத்தியில் இருந்தால் வியர்வையை உறிஞ்சும்; உட்காரும்போது துணிக்கு அகலமும் கொடுக்கும். வெறும் நடுத்தையல் மட்டும் ஓடும் ஜோடி விலை குறைவாக இருக்கும், உட்கார்ந்து எழும் வேலைக்கு உதவாது.

பாவாடை ஏறியபோதெல்லாம் காலுறை மாறியது

இன்று கடையில் தொங்கும் ஒவ்வொரு வகையும் ஏதோ ஒரு காலத்தின் உடைக்காகப் பிறந்தது. எது எதற்காக வந்தது என்று தெரிந்தால் எதை எதனோடு போடுவது என்பதும் பிடிபடும்.

ஐரோப்பாவில் முதலில் கால் காட்டியவர்கள் ஆண்கள். முழங்கால் வரை கால்சட்டையும் கீழே பட்டுக் காலுறையும் அவர்களின் உடை. பெண்களின் காலுறை தரை தொடும் பாவாடைக்குள் மறைந்திருந்தது. 1589இல் இங்கிலாந்தில் வில்லியம் லீ காலுறை பின்னும் சட்டகத்தை உருவாக்கினார். பின்னல் இயந்திரங்களின் வரலாறு அங்கேதான் தொடங்குகிறது. 1864இல் வில்லியம் காட்டன் காப்புரிமை பெற்ற இயந்திரம் துணியைத் தட்டையாகப் பின்னி, கணுக்காலில் கண்ணிகளைக் குறைத்துக் குறுக்கியது. அந்தத் தட்டைத் துணியின் இரு ஓரங்களையும் சேர்த்துத் தைத்தால் பின்னங்காலில் ஒரு தையல் கோடு விழும். புகழ்பெற்ற அந்தப் பின்கோடு அலங்காரமாகப் பிறந்ததல்ல, தையலாகப் பிறந்தது.

1920களில் பாவாடை முழங்காலை நோக்கி ஏறியபோதுதான் பெண்களின் காலுறை வெளியே தெரியத் தொடங்கியது. பட்டு வாங்க முடியாதவர்கள் ரேயான் வாங்கினார்கள். இரண்டும் முழங்காலில் தொளதொளத்துப் போகும். பிறகு நைலான் வந்தது. டூபான்ட் நிறுவனத்தில் வாலஸ் கரோதர்ஸ் குழு 1935இல் அதை உருவாக்கியது. அமெரிக்கா முழுவதும் நைலான் காலுறை விற்பனைக்கு வந்த நாள் 1940 மே 15. நைலானுக்கு வெப்பத்தில் வடிவம் பிடிக்கும் குணம் உண்டு. கால் வடிவ அச்சில் மாட்டி நீராவி கொடுத்தால் அந்த வடிவத்திலேயே நிற்கும். பட்டில் இது முடியாது. நைலான் வென்றதற்கு விலையைவிட இந்தக் குணமே பெரிய காரணம் என்பது என் எண்ணம்.

இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கா இறங்கியதும் நைலான் பாராசூட்டுக்கும் கயிற்றுக்கும் போய்விட்டது. பெண்கள் காலில் சாயம் பூசி, புருவப் பென்சிலால் பின்னங்காலில் கோடு வரைந்துகொண்டார்கள். தையல் கோடு அந்த அளவுக்குக் காலுறையின் அடையாளமாகியிருந்தது. போர் முடிந்தபின் 1946இல் பிட்ஸ்பர்க் நகரில் 13,000 ஜோடிகளுக்காக ஏறத்தாழ 40,000 பேர் வரிசையில் நின்றதாகச் செய்திகள் வந்தன.

வட்டமாகப் பின்னும் இயந்திரங்கள் பரவியபின் தையலுக்குத் தேவையே இல்லாமல் போனது. இன்று வரும் பின்கோடு பெரும்பாலும் வட்டப் பின்னலின் மேல் போட்ட அலங்காரம்தான். உண்மையான தட்டைப் பின்னல் வேண்டுமென்றால் தொடைப்பட்டையின் பின்புறம் பாருங்கள். தையல் முடியும் இடத்தில் சாவித்துவாரம்போல் ஒரு சிறு ஓட்டை இருக்கும், கெண்டைக்கால் பக்கம் கோட்டின் இருபுறமும் கண்ணி குறைத்த புள்ளிகள் தெரியும். தூய நைலானில் செய்த இந்த வகை அவ்வளவாக விரியாது. பாத நீளமும் கால் நீளமும் அளந்துதான் வாங்க வேண்டும்.

1959இல் அமெரிக்காவின் க்ளென் ரேவன் ஆலை, ஆலன் கான்ட் தலைமையில், ஜட்டியையும் ஸ்டாக்கிங்ஸையும் ஒன்றாக இணைத்து விற்பனைக்குக் கொண்டுவந்தது. முதலில் பெரிய வரவேற்பு இல்லை. 1960களின் நடுவில் மினி ஸ்கர்ட் வந்தபோதுதான் அதன் தேவை புரிந்தது. ஸ்டாக்கிங்ஸின் பட்டையும் கொக்கியும் குட்டைப் பாவாடைக்குக் கீழே தெரிந்தன. இடுப்பு வரை ஒரே துணியாக வருவதில் அந்தச் சிக்கல் இல்லை. அதே கணக்கு இன்றும் செல்லும். பாவாடை முழங்காலுக்கு மேல் என்றால் இடுப்பு வரை வரும் வகையே வேண்டும், தொடையில் நிறம் மாறும் கன்ட்ரோல் டாப் வேண்டாம். முழங்காலுக்குக் கீழே என்றால் ஹோல்டப் போதும். கணுக்கால் வரை என்றால் முழங்காலுக்குக் கீழே நிற்கும் நீ-ஹை போதும். ஆனால் உட்காரும்போது அதன் பட்டை தெரியாத அளவு பாவாடை நீளமாக இருக்க வேண்டும்.

அதன்பின் சில பத்தாண்டுகள் அலுவலக உடையின் கட்டாயப் பகுதியாகவே காலுறை இருந்தது. பல இடங்களில் வெறும் காலோடு வருவது ஒழுங்கீனமாகக் கருதப்பட்டது. 1990களில் அந்தக் கட்டாயம் தளரத் தொடங்கியது. பேன்ட் சாதாரணமானது, வெறும் கால் ஏற்கப்பட்டது, மெல்லிய பேன்டிஹோஸ் விற்பனை சரிந்தது. தடித்த டைட்ஸ் மட்டும் குளிர்காலத்தின் துணையாக நிலைத்தது. இப்போது கறுப்பு மெல்லிய வகையும், புள்ளியும் பூவும் போட்டதும், வலைப்பின்னலும் திரும்பி வந்திருக்கின்றன. இம்முறை யாரும் கட்டாயப்படுத்தி அல்ல. இது நல்ல மாற்றம். கட்டாயம் இருந்த காலத்தில் கண்ணுக்குத் தெரியாமல் இருப்பதே காலுறையின் வேலை; இப்போது கண்ணுக்குத் தெரிவதற்காகவே அதைத் தேர்ந்தெடுக்கலாம்.

இரண்டு எச்சரிக்கை மட்டும். 100 டெனியர் டைட்ஸ் லெக்கிங்ஸ் ஆகாது. நின்றால் மூடும், குனிந்தால் பின்புறத்தில் துணி விரிந்து உள்ளே இருப்பது தெரியும். உள்ளே தோல் நிறத் துணியும் மேலே கறுப்பு மெல்லிய துணியும் வைத்துக் குளிருக்காக வரும் டைட்ஸில் அந்த உள்துணியின் நிறம் உங்கள் தோலுக்குப் பொருந்த வேண்டும். முகமும் கையும் மாநிறமாக இருக்க, கறுப்புக்கு உள்ளே வெளிர் கால் தெரிந்தால் துணி என்று உடனே புலப்படும்.

பாத முனையையும் செருப்பைப் பொறுத்தே முடிவு செய்ய வேண்டும். விரலும் குதிகாலும் தடித்துப் பின்னியது மூடிய ஷூவுக்கு. நீண்ட நாள் உழைக்கும். முன்னால் திறந்த செருப்புக்குத் தடிப்பில்லாத முனை வேண்டும். விரல் நுனித் தையல் நகத்துக்கு அடியில் மாட்டிக்கொண்டால் நாள் முழுக்க உறுத்தும், நகமும் அதை அறுக்கும். தையலை நகத்துக்கு மேலே ஏற்றி வைத்துக்கொள்ளுங்கள். வலைப்பின்னலில் சின்னக் கண் உள்ளதையே எடுங்கள், பாதத்தில் வலை பதிந்து வலிக்கும் என்றால் உள்ளே மெல்லிய பாத உறை போடலாம்.

கால் வலிக்காகத் தேடுகிறவர்களுக்கு

"சப்போர்ட் 70 டெனியர்" என்று எழுதியதை அழுத்தக் காலுறை என்று நினைத்து வாங்குகிறவர்கள் பலர். டெனியருக்கும் அழுத்தத்துக்கும் நேரடித் தொடர்பு இல்லை. அழுத்தக் காலுறையில் மில்லிமீட்டர் பாதரச அளவில் எண் இருக்கும்: 8–15, 15–20, 20–30, 30–40. கணுக்காலில் அழுத்தம் மிகுந்து மேலே போகப் போகக் குறைய வேண்டும். அளவு எடுப்பது காலையில் எழுந்தவுடன், கால் வீங்குவதற்கு முன்பு. கணுக்கால், கெண்டைக்கால் சுற்றளவுகளைக் குறித்துக்கொள்ள வேண்டும். 20க்கு மேல் மருத்துவர் சொல்லாமல் போடக் கூடாது. காலுக்கு ரத்தம் கொண்டுபோகும் தமனிகளில் அடைப்பு உள்ளவர்களும், நீரிழிவால் பாத உணர்ச்சி குறைந்தவர்களும் எந்த அளவையுமே மருத்துவரிடம் கேட்காமல் போட வேண்டாம்.

போட்டுக்கொள்வது, துவைப்பது

நாற்காலியில் உட்கார்ந்து போடுங்கள். மோதிரம், வளையல், கைக்கடிகாரம், கொலுசு, மெட்டி எல்லாவற்றையும் முதலில் கழற்றிவிடுங்கள். குதிகாலில் வெடிப்பு இருந்தால் முந்தின இரவே கிரீம் தடவியிருக்க வேண்டும். போடும் நேரத்தில் கால் உலர்ந்திருக்க வேண்டும். காலுறையின் ஒரு காலை மேலிருந்து விரல் நுனி வரை இரு கட்டைவிரல்களாலும் சுருட்டிச் சுருட்டிச் சேருங்கள். விரல் நுனித் தையலை இடத்தில் வைத்து, குதிகாலைப் பொருத்தி, கணுக்கால் வரை மட்டும் ஏற்றி நிறுத்துங்கள். அடுத்த காலையும் அதே அளவு. பிறகு மாறி மாறிக் கெண்டைக்கால், முழங்கால், தொடை. நகத்தால் கிள்ளிப் பிடிக்காமல் விரலின் சதைப்பகுதியால், இரு பக்கமும் ஒரே நேரத்தில் துணியை நீவி ஏற்றுங்கள். தொடை வரை வந்தபின் எழுந்து நின்று இடுப்புக்கு ஏற்றுங்கள். மேலே போதவில்லை என்றால் இடுப்புப்பட்டையை இழுக்காதீர்கள். மீண்டும் கணுக்காலுக்குப் போய், அங்கே மிச்சமிருக்கும் துணியை மேலே நீவிக் கொண்டுவாருங்கள். நேரமாகும். ஆனால் காலுறையின் ஆயுளை நீட்ட இதைவிடப் பெரிய உபாயம் இல்லை.

ஹோல்டப் வழுக்குவதற்குக் காரணம் பெரும்பாலும் தொடையில் தடவிய எண்ணெயும் லோஷனும். சிலிக்கான் எண்ணெய்ப் பசையில் பிடிக்காது. பட்டையில் பஞ்சு ஒட்டியிருந்தாலும் பிடிக்காது. ஈரத்துணியால் துடைத்துக் காயவிட்டால் மீண்டும் பிடிக்கும். சிலருக்குச் சிலிக்கான் பட்ட இடம் சிவந்து அரிக்கும். அவர்களுக்குச் சஸ்பெண்டர்தான் வழி. ஒரு காலுக்கு இரண்டு கொக்கி போதாது, மூன்று இருந்தால் தையல் திரும்பாது. பட்டையின் நீளத்தை நின்றும் உட்கார்ந்தும் பார்த்துச் சரிசெய்யுங்கள். நிற்கும்போது மட்டும் பார்த்தால் உட்காரும்போது பின்கொக்கி சுண்டி இழுக்கும்.

துவைக்கும்போது வலைப்பைக்குள் போட்டு, 30 டிகிரிக்கு மேற்படாத நீரில், மென்மையான சோப்பு நீர். கையால் என்றால் அழுத்தி எடுங்கள், முறுக்கிப் பிழியாதீர்கள். துணி மென்மையாக்கி வேண்டாம். எலாஸ்டேனுக்கு அது ஆகாது. குளோரின் ப்ளீச்சும் அப்படித்தான், எலாஸ்டேனைத் தின்றுவிடும். உலர்த்தி இயந்திரம், இஸ்திரி, நேர் வெயில் மூன்றும் எதிரிகள். துண்டில் சுற்றி ஈரத்தை ஒற்றிவிட்டு நிழலில் போட்டால் சீக்கிரமே காய்ந்துவிடும்.

சிறு ஓட்டம் தொடங்கினால் அதன் இரு முனையிலும் நிறமற்ற நகச்சாயம் ஒரு துளி. காலிலிருந்து துணியைச் சற்றுத் தூக்கிப் பிடித்து வைத்துக் காயவிடுங்கள், இல்லையென்றால் தோலோடு ஒட்டிவிடும்.

ஸ்டாக்கிங்ஸ் வாங்குகிறவர்கள் ஒரே நிறத்தில், ஒரே தயாரிப்பில் மூன்று ஜோடி சேர்த்து வாங்குங்கள். ஒரு கால் கிழிந்தால் ஐந்து கால் மிச்சம், எந்த இரண்டும் ஜோடி சேரும். இடுப்பு வரை வருவதற்கும் இதே வழி உண்டு. ஒன்றில் இடதுகாலும் இன்னொன்றில் வலதுகாலும் கிழிந்திருந்தால், கிழிந்த காலைத் தொடையோடு வெட்டிவிட்டு இரண்டையும் ஒன்றின் மேல் ஒன்றாகப் போடலாம். வெட்டுவாயின் ஓரத்தில் நகச்சாயம் தடவிக் காயவிட்டால் அது மேற்கொண்டு ஓடாது.